பெக் சேயர்ஸ்: கதை வளர்த்த தீவு மூதாட்டி

அயர்லாந்து நாட்டு உயர்தர வகுப்புகளுக்கு விதிக்கப்பட்ட ஐரிஷ் மொழிப் பாடநூல்களுள், 'பெக்' என்னும் நூலைப் போல மாணாக்கரின் வெறுப்புக்கு ஆளான நூல் பிறிதொன்று இல்லை எனலாம். 1960களில் தொடங்கி 1990களின் நடுப்பகுதி வரை அந்நூல் வகுப்பறைகளிலே ஆட்சி செலுத்திற்று. முக்காடிட்ட ஒரு கிழவி, தன் வறுமையையும் தான் இழந்த பிள்ளைகளையும் எண்ணிப் பெருமூச்செறியும் கதை அது என்பதே அதைப் படித்த பலரின் நினைவு. பரீட்சை முடிந்த அன்றே அதனை மூலையில் எறிந்தவர் தொகை கொஞ்சமன்று.

ஆனால், அந்தக் கிழவியின் அடுப்பங்கரையில் அமர்ந்து கதை கேட்பதற்கென்றே பிரித்தானியாவிலிருந்து பேரறிஞர் கடல் கடந்து வந்தனர். ஐரோப்பாவின் நாடோடிக் கதைகளை ஆராய்ந்தோர், இருபதாம் நூற்றாண்டு கண்ட தலைசிறந்த கதைசொல்லிகளுள் ஒருவராக அவரை மதித்தனர். அறிஞர் தேடி வந்து கேட்டதையும் மாணாக்கர் சலித்து ஒதுக்கியதையும் சொன்னவர் ஒருவரே என்று நம்புவது அரிது. ஐரிஷ் நாடோடிக் கதைகளிலே ஈடுபாடு கொண்டு, எந்த நூலிலே தொடங்குவது என்று வினவும் அன்பர்கள் முதலில் இவருடைய வரலாற்றை அறிந்துகொள்ளல் நன்று. எதை முதலிற் படிப்பது, எதைப் பின்னுக்குத் தள்ளுவது என்பது அதிலிருந்தே விளங்கும்.

பெக் சேயர்ஸ் அம்மையார் 1873ஆம் ஆண்டிலே, அயர்லாந்தின் தென்மேற்குக் கோடியில் உள்ள கெரி மாவட்டத்து டன்குவின் என்னும் கடற்கரை ஊரைச் சார்ந்த சிற்றூர் ஒன்றிற் பிறந்தார். பெக் என்பது மார்கிறெற் என்னும் பெயரின் செல்ல வடிவம். அவர் பிறப்பதற்கு ஒரு தலைமுறை முன்னர், 1845ஆம் ஆண்டில் மூண்ட உருளைக்கிழங்குப் பஞ்சத்திலே அயர்லாந்து ஏறத்தாழப் பத்து இலட்சம் மக்களைச் சாவுக்குப் பறிகொடுத்திருந்தது; அதற்கு நிகரான தொகையினர் கப்பலேறி அகன்றிருந்தனர். மாண்டோரும் அகன்றோரும் பெரும்பாலும் மேற்குக் கரை ஏழைகள். ஐரிஷ் பேசியோரும் அவர்களே. எனவே மக்களோடு மொழியும் தேய்ந்தது. பெக்கின் பெற்றோரும் பல குழந்தைகளைப் பறிகொடுத்தவர்கள். எஞ்சிய மக்களுள் இவரே கடைக்குட்டி.

தந்தையார் தொமாஸ் சேயர்ஸ் நிலபுலம் அதிகம் இல்லாதவர். ஆனால் சுற்றுவட்டாரத்திலே கதைக்குப் பேர்போனவர். மேற்கு அயர்லாந்திலே கதைக்கு ஒரு காலம் உண்டு. நவம்பர் மாதம் தொடங்கிக் குளிர்காலம் கழியும்வரை, இரவிலே, வேலை ஒழிந்தபின் கணப்படுப்பைச் சுற்றி அயலவர் கூடுவர். சதுப்பு நிலத்திலே வெட்டி உலர்த்திய புல்மண் கட்டிகள் அடுப்பிலே புகையும். வழிப்போக்கன் எவனேனும் வந்து சேர்ந்தால், இராத் தங்கலுக்கு அவன் கொடுக்கும் கூலியும் ஒரு கதையே. பின் மக்குவல் என்னும் வீரனையும் அவனுடைய பியானா என்ற வேட்டைப் படையையும் பற்றிய நெடுங்கதைகள் ஒரே இரவில் முடியாமல் மறு இரவும் தொடர்வதுண்டு. அத்தகைய வீட்டிலே தந்தையின் பக்கத்தில் அமர்ந்து செவிவழியே பெற்றதுதான் பெக் அம்மையாரின் பெருங் கல்வி. எழுதிவைக்காமலே நூற்றுக்கணக்கான கதைகளை ஆயுள் முழுவதும் நினைவில் வைத்திருந்தார் என்றால், அக் கல்வியின் திறத்தை நாம் ஊகிக்கலாம்.

ஊர்ப் பாடசாலைக்கும் அவர் சென்றார். அங்கே கற்பித்த மொழி ஆங்கிலம். 1831இல் ஆங்கில ஆட்சி நிறுவிய தேசியப் பாடசாலை முறையிலே பிள்ளைகளின் தாய்மொழிக்கு இடம் இல்லை. வீட்டிலே ஒரு சொல்லும் ஆங்கிலம் கேளாத பிள்ளை, பாடசாலையிலே ஆங்கில எழுத்தைக் கற்றது. இதனால் விளைந்தது விசித்திரமான ஒரு நிலை. பெக் அம்மையார் ஆங்கிலம் வாசிக்க அறிந்தார். தாம் மூச்சுவிடுவது போலப் பேசிய ஐரிஷ் மொழியை வாசிக்கவோ எழுதவோ அறியார். பிற்காலத்திலே தம்முடைய பெயரையே தலைப்பாகக் கொண்டு வெளிவந்த நூலைத் தாமே எடுத்துப் படிக்க அவரால் இயலவில்லை. இதனை அவருடைய குறையாகச் சிலர் எழுதியதுண்டு. குறை யாருடையது என்பதை ஆசிரியத் தொழில் புரிவோர்க்கு நாம் சொல்லவேண்டியதில்லை.

ஏறத்தாழப் பன்னிரண்டு வயதிலே படிப்பு நின்றது. தமையன் மணம் முடித்து வீட்டிலே நெருக்கடி மிகவே, பெக் டிங்கிள் நகரத்திலே ஒரு கடைக்காரர் குடும்பத்துக்கு வேலைக்காரச் சிறுமியாகச் சென்றார். அக்குடும்பத்தார் அன்பாக நடத்தினர் என்பதைப் பிற்காலத்தில் அவரே நன்றியோடு நினைவுகூர்ந்தார். ஈராண்டின் பின் நோயுற்று வீடு திரும்பினார். பின்னர் வேறிடத்திலே மீண்டும் பணிபுரிந்தார். அக்காலத்து மேற்குக் கரை இளம் பெண்ணுக்கு வழிகள் மூன்றே: பணிப்பெண்ணாதல், மணம் புரிதல், அமெரிக்கா செல்லல். பெக்கின் மனம் மூன்றாவதையே நாடிற்று. உயிர்த் தோழி கேற் முன்னதாகக் கப்பலேறிச் சென்று, உழைத்துப் பணம் சேர்த்துப் பயணச் செலவை அனுப்புவதாக வாக்களித்திருந்தாள். ஆண்டுகள் கழிந்தன. பின்னர் வந்த கடிதத்திலே பணம் இல்லை. தனக்கு ஒரு விபத்து நேர்ந்தது, பயணச் செலவு அனுப்ப இயலாது என்ற செய்தியே இருந்தது. அந்த விபத்து நேராதிருந்தால் பெக் சேயர்ஸ் அமெரிக்க நகரம் ஒன்றிலே யாரோ ஒருவர் வீட்டுத் தரையைத் துடைத்து முதுமையடைந்திருப்பார். அவருடைய கதைகளும் அங்கே கேட்பார் இன்றி மறைந்திருக்கும்.

கலியாணம் ஓர் இரவிலே முடிவாயிற்று. மூன்று ஆடவர் வீட்டுக்கு வந்தனர், மது பரிமாறப்பட்டது, பேச்சு நடந்தது. மூவருள் மணமகன் எவர் என்பதுகூடப் பெக்குக்கு முதலில் விளங்கவில்லை. முடிவைத் தந்தையிடமே விட்டுவிட்டார். 1892ஆம் ஆண்டு பெப்ரவரி 13ஆம் திகதி, பெரிய பிளாஸ்கற் தீவைச் சேர்ந்த மீனவர் போட்ரிக் ஓ குயிஹின் என்பவருக்கு மனைவியானார். அவர் நல்ல கணவராகவே அமைந்தார்.

பிளாஸ்கற் தீவு டன்குவின் கரையிலிருந்து மூன்று மைல் தொலைவிலே அத்திலாந்திக் சமுத்திரத்தில் கிடக்கும் ஒரு நெடிய மலைமுதுகு. அங்கே மரம் இல்லை. கோயிலும் குருவானவரும் இல்லை. வைத்தியர் இல்லை; கடையும் இல்லை. மரச்சட்டத்தின்மேல் தார் பூசிய கித்தான் போர்த்த இலேசான வள்ளங்களே கரைக்கும் தீவுக்கும் தொடர்பு. கடல் சினந்தால் வாரக்கணக்கிலே அத்தொடர்பும் அற்றுப்போகும். 1916இல் அங்கே வாழ்ந்தோர் 176 பேர். அதுவே அத்தீவின் உச்சத் தொகை. தரைப்பெண்ணான பெக்குக்குத் தீவு முதலிலே சிறையாகத் தோன்றியிருக்கும். ஆனால் வெகு விரைவிலே அவருடைய வீடு கதை கேட்போர் கூடும் வீடாயிற்று.

பதினொரு பிள்ளைகள் பிறந்தனர். ஆறு பேரே வளர்ந்தனர். வளர்ந்தவர்களுள் தொமாஸ் என்னும் மகன் 1920ஆம் ஆண்டிலே, அடுப்பெரிக்கப் புதர்ச்செடி பிடுங்கச் சென்றவிடத்து மலைவிளிம்பிலிருந்து தவறி வீழ்ந்து பாறையில் மோதி இறந்தான். உடலை வீட்டுக்குக் கொண்டுவந்தபோது, சிதைந்த முகத்தைக் கண்டு அயற்பெண்கள் அருகே வர அஞ்சினர். தாயே தேவமாதாவை வேண்டித் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு, மகனுடைய தலையைக் கழுவித் தம் கைகளாலேயே வடிவுபடுத்தி அடக்கத்துக்கு ஆயத்தமாக்கினார். நோயுற்றிருந்த கணவரும் நெடுங்காலம் உயிர்வாழவில்லை. எஞ்சிய பிள்ளைகளுள் பெரும்பாலோர் ஒருவர்பின் ஒருவராக அமெரிக்காவுக்குக் கப்பலேறினர். கவிதை பாடும் மகன் மீஹால் மட்டும் அங்கே சென்றும் ஊன்றாமல் தாயிடம் திரும்பி வந்தார். நூலின் பிற்பகுதியை நிரப்பும் துயரம் இதுதான். பதினாறு பதினேழு வயதுப் பிள்ளையின் கையிலே இதைக் கொடுத்துப் பதம் பிரித்து இலக்கணம் எழுதச் சொன்னால் சலிப்பு ஏற்படுவது இயல்பே.

இனி, தீவுக்கு வந்த அறிஞரைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும். அழிந்துவரும் ஐரிஷ் மொழி அங்கே கலப்பின்றி வழங்குவதை அறிந்து, நோர்வே நாட்டு மொழியறிஞர் கார்ல் மார்ஸ்திராண்டர் 1907இல் வந்தார். அவரையடுத்து 1910இல் பிரித்தானிய நூதனசாலையின் கையெழுத்துப் பிரதிப் பகுதியிலே பணிபுரிந்த றொபின் பிளவர் வந்தார். பின்னர் பல கோடைகளில் மீண்டும் மீண்டும் வந்தார். தீவினர் அவரைச் சின்னப் பூ என்று பொருள்படும் ஐரிஷ் பெயரால் அழைத்தனர். லண்டனிலே பழைய தோற்சுவடிகளைப் படித்தவர், அச்சுவடிகளின் சொல்வளம் கரிபடிந்த ஒரு சமையலறையிலே உயிரோடு உலவக் கண்டார். 1930களிலே இளம் ஆய்வாளரான கென்னத் ஜாக்சன் பெக் அம்மையாரிடம் கதை கேட்டு எழுதி, 1938இல் 'பிளாஸ்கற் கதைகள்' என்ற பொருளில் ஐரிஷ் மொழியிலேயே ஒரு தொகுதி வெளியிட்டார். பிற்காலத்திலே எடின்பரோ சர்வகலாசாலையிற் பேராசிரியராக விளங்கியவர் இவரே.

இத்தகையோரின் ஊக்கத்தினாலே தீவு எழுதத் தொடங்கிற்று. மீனவர் தொமாஸ் ஓ குரோஹனின் 'தீவுவாசி' 1929இல் வந்தது. இளைஞர் மொரிஸ் ஓ சலிவன் எழுதிய 'வளரும் இருபது ஆண்டுகள்' 1933இல் வந்தது. இருநூறு பேர்கூட இல்லாத ஒரு தீவிலிருந்து சில ஆண்டுகளுக்குள் இத்தகைய நூல்கள் எழுந்தமை இலக்கிய வரலாற்றிலே ஓர் அபூர்வம். தீவுக்கு அடிக்கடி வந்து தங்கிய டப்ளின் ஆசிரியை மாயிரா நீ கினேடா என்பவர், பெண் ஒருத்தியின் வாழ்வும் பதிவாக வேண்டும் என்று பெக் அம்மையாரை வற்புறுத்தினார். தாய் சொல்ல, மகன் மீஹால் எழுதினார். கையெழுத்துப் பிரதி டப்ளினுக்குச் சென்றது. ஆசிரியை அதைச் செப்பனிட்டு 1936இல் பதிப்பித்தார்.

ஆகவே அந்நூல் மூவர் கைபட்டது. சொன்னவர் ஒருவர், துயரத்திலே மூழ்கிய கவியுள்ளம் படைத்த எழுதுவோர் ஒருவர், புதிதாக விடுதலை பெற்ற நாடு தன் மூதாட்டியரை எவ்வாறு காண விரும்பியது என்பதை நன்கறிந்த பதிப்பாசிரியர் ஒருவர். நாட்டின் விருப்பம் பக்தியும் பொறுமையும் வறுமையில் செம்மையும் உடைய கிராமத் தாய். பெக் அம்மையார் பக்தி மிக்கவர்தாம். அதில் ஐயம் இல்லை. எனினும் அவரை நேரிற் கண்டவர்கள் முதலிலே நினைவுகூர்வது அவருடைய சிரிப்பையும் குறும்பையும் சட்டென்று மறுமொழி தொடுக்கும் நாவையுமே. புகைக்குழாயும் கையுமாக அமர்ந்து பேய்க்கதை சொல்லி நடுங்கவைப்பார். அடுத்த கதையிலே வயிறு குலுங்கச் சிரிக்கவைப்பார். நூல் அழுகையைக் காத்தது. சிரிப்பைப் பெரும்பாலும் கைவிட்டது. பாடசாலைப் பதிப்பிலே அதுவும் சுருங்கிற்று. இவ்வகைத் தன்வரலாறுகளின் துன்பச் சுவையை நையாண்டி செய்து 1941இலேயே ஃபிளான் ஓ பிரையன் ஒரு நூல் எழுதிவிட்டார் என்பதையும், அது அயர்லாந்தின் நகைச்சுவை இலக்கியத்தில் முதல் வரிசையில் நிற்கிறது என்பதையும் இவ்விடத்தே குறிப்பிடலாம்.

பெக் அம்மையாரின் உண்மையான நூல்நிலையம் வேறிடத்திலே திரண்டது. 1935இல் அயர்லாந்து அரசு நாடோடி வழக்காற்று ஆணைக்குழுவை நிறுவியது. அதற்குத் தலைமை தாங்கியவர் ஜேம்ஸ் டெலார்ஜி. ஆணைக்குழு 1930களின் இறுதியிலே ஐயாயிரம் பாடசாலைகளைச் சேர்ந்த ஏறத்தாழ ஐம்பதாயிரம் மாணாக்கரை ஏவித் தத்தம் பாட்டன் பாட்டியரிடம் கதை கேட்டு எழுதச் செய்தது. பாடசாலை நாடோடிக் கதைக்குச் செய்த மிகப் பெரிய நன்மை இதுவே என்பது எமது துணிபு. பின்னர் பெக்கின் நூலை வைத்துச் செய்ததை நோக்கும்போது, இரண்டும் ஒரே நாட்டுப் பாடசாலைகள்தாமா என்று வியக்கத் தோன்றுகிறது.

ஆணைக்குழுவின் முழுநேரச் சேகரிப்பாளருள் ஒருவர் ஷோசவ் ஓ டாலி. டன்குவின் பாடசாலை ஆசிரியரின் மகன். 1938 தொடங்கிப் பல ஆண்டுகள் அவர் பெக் அம்மையாரிடம் கேட்டெழுதிய உருப்படிகள் 350க்கு மேற்பட்டன: வீரக்கதைகள், பேய்க்கதைகள், தேவதைகளைப் பற்றிய ஐதிகங்கள், அர்ச்சியசிட்டவர் கதைகள், வேண்டுதல்கள். கதை கூறுவதை மெழுகு உருளையிலே குரலாகப் பதிந்து, பின் ஓய்வாகக் கேட்டுக் கேட்டுச் சொல் பிசகாமல் தாளில் எழுதுவது வழக்கம். எழுதி முடிந்ததும் உருளையின் மெழுகைச் சீவி மழித்துவிட்டு, அடுத்த கதைக்கு அதையே பயன்படுத்துவர். புது உருளை வாங்கப் பணம் போதாது. இவ்வாறு கதை தங்கிற்று. குரல் மெழுகுத் துருவலாகத் தரையிலே உதிர்ந்தது. சிக்கனத்தால் நேர்ந்த இந்த இழப்பை எண்ணும்போதெல்லாம் மனம் நோகிறது. ஆயினும் வேறு வழியில்லாத அந்த ஏழை ஆணைக்குழுவைக் குறைகூறவும் மனம் ஒப்பவில்லை.

இங்கே மற்றொன்றும் கவனிக்கத் தக்கது. பின் மக்குவலின் நெடிய வீரக்கதைகளைக் கூறுதல் ஆடவர்க்கே உரியது என்பது பழைய மரபு. பெண்கள் தாலாட்டும் வேண்டுதலும் குடும்ப வரலாறும் கூறலாம், வீரக்கதை கூறலாகாது. அத்தகைய கதைகள் பலவற்றையும் பெக் அம்மையார் தந்தையிடமிருந்து பெற்றுத் தம்முடையவையாகவே கூறினார். மரபை எதிர்த்ததாக எங்கும் அவர் பறைசாற்றியதில்லை. கதை தெரிந்திருந்தது, கேட்போர் இருந்தனர், கூறினார்.

1942ஆம் ஆண்டிலே, 69ஆம் வயதில், அவர் தீவைவிட்டுத் தாம் பிறந்த சிற்றூருக்கே திரும்பினார். தீவும் நெடுநாள் நிலைக்கவில்லை. இளையோர் வெளியேறினர், வள்ளம் வலிக்கக் கைகள் குறைந்தன. 1946ஆம் ஆண்டின் நத்தார்க் காலத்திலே நோயுற்ற இளைஞர் ஒருவர், கொந்தளித்த கடலைக் கடந்து வைத்தியர் வர இயலாமையால் உயிர்நீத்தார். அச்சாவு தீவினரின் மனத்தை முறித்தது. 1953 நவம்பரிலே அரசு தீவை வெறுமையாக்கிற்று. பெக் அம்மையாரின் கண்பார்வையும் அக்காலத்திலே மங்கி மறைந்தது. டிங்கிள் வைத்தியசாலையிலே படுக்கையிலிருந்தபடியே வந்தோர்க்குக் கதை கூறினார். 1958ஆம் ஆண்டு டிசெம்பர் 8ஆம் திகதி காலமானார். தீவை நோக்கிய டன்குவின் இடுகாட்டிலே அவர் உடல் அடக்கம் செய்யப்பட்டது. பாடசாலைகள் அவருடைய நூலைக் கைக்கொண்டது அதற்குப் பின்னரே. தம் பெயரைக் கேட்டு மாணாக்கர் முகம் சுளித்ததை அவர் அறியார்.

இனி வாசிப்பு. ஐரிஷ் நாடோடிக் கதைகளை நாடுவோர் பெரும்பாலும் கவிஞர் யேற்ஸ் 1888இல் தொகுத்த நூலிலிருந்து தொடங்குவர். அழகிய நூல்தான், எனினும் அதிலே கேட்பது பெரும்பாலும் எழுத்தாளர் குரல், அடுப்பங்கரைக் குரல் அன்று. முதலிலே றொபின் பிளவர் 1944இல் வெளியிட்ட 'மேற்குத் தீவு' என்னும் சிறு ஆங்கில நூலைப் படித்தல் நலம். தீவின் வழிகளும் முகங்களும் அதிலே தெரியும். பெக் அம்மையாரையும் அவருடைய வாசலிலேயே சந்திக்கலாம். அடுத்து, அம்மையாரின் இரண்டாவது நூல். 1939இல் ஐரிஷ் மொழியில் வந்த அதனை, இசைக்கலைஞரும் நாட்டுப்பாடல் சேகரிப்பாளருமான ஷேமஸ் எனிஸ் 'ஒரு மூதாட்டியின் சிந்தனைகள்' எனப் பொருள்படும் தலைப்பில் ஆங்கிலத்தில் தந்தார். 1962இல் அது வெளிவந்தது. தன்வரலாறு என்று ஒழுங்குபடாமல், நினைத்த நினைத்த கதைகளை அவிழ்த்துவிடுவதனாலே அதில் அவருடைய இயல்பு மிகுதியும் காணப்படும். கதைகளையே விரும்புவோர்க்கு, ஆணைக்குழுவின் சுவடிக்காப்பாளர் ஷோன் ஓ சலிவன் 1966இல் ஆங்கிலத்திலே அளித்த 'அயர்லாந்து நாடோடிக் கதைகள்' உண்டு. பல கதைசொல்லிகளின் கதைகள் கூட்டலும் மெருகும் இன்றி அதில் உள்ளன. பின் மக்குவலையும் பேய்களையும் அங்கே அறிந்துகொண்டு, அதன்பின் பிரையன் மக்மாகன் 1970களில் ஆங்கிலமாக்கிய 'பெக்' நூலுக்கு வருக. அப்போது, கலியாணப் பேச்சு நடந்த இரவையும் டிங்கிள் கடைவீட்டு நாட்களையும் கூறும் பகுதிகளிலே, மாணாக்கர் காணத் தவறிய புன்னகை கண்ணிற்படும்.

குரல் முழுவதும் அழிந்துபோகவில்லை என்பதையும் கூறவேண்டும். மெழுகு உருளைகள் மழிக்கப்பட்டனவாயினும், அம்மையாரின் முதுமைக் காலத்திலே வானொலியார் அவர் பேச்சில் ஒரு பகுதியைப் பதிவு செய்திருந்தனர். போ ஆம்க்விஸ்ற், போட்ரிக் ஓ ஹேலி என்னும் இரு அறிஞர் அதனை ஆராய்ந்து, ஐரிஷ் மூலமும் ஆங்கில மொழிபெயர்ப்புமாக 2009இலே ஒலித்தட்டுகளோடு நூலாக்கினர். வாசித்து முடித்தபின் அதைத் தேடிக் கேட்கலாம். ஐரிஷ் ஒரு சொல்லும் அறியாதோர் முதன்முறை மொழிபெயர்ப்பைப் பாராமலே கேட்பது நல்லது. கதை எங்கே விரைகிறது, எங்கே தயங்குகிறது என்பது செவிக்கு எட்டியபின் நூலைத் திறந்துகொள்ளலாம்.